நீதிபதிக்கே குறுக்கு விசாரணை

1994 அக்டோபர். நெல்சன் மண்டேலா அதிபராகி ஐந்து மாதங்கள்கூட முடியவில்லை. தென்னாப்பிரிக்கா தன் வரலாற்றில் முதன்முறையாக ஓர் அரசியல் சாசன நீதிமன்றத்தை அமைத்துக்கொண்டிருந்தது. அதன் நீதிபதி பதவி கேட்டு நேர்காணலுக்கு வந்தவர்களில் ஒருவர் ஆல்பி சாக்ஸ். அவரது வலது கை இல்லை. 1988இல் மபூட்டோ நகரில், நிறவெறி அரசின் உளவாளிகள் அவரது காரில் வைத்த குண்டு அந்தக் கையையும் ஒரு கண்ணின் பார்வையையும் பறித்திருந்தது. விடுதலைப் போரின் தழும்பை உடம்பிலேயே சுமந்து வந்த மனிதர். புதிய சாசனத்தை வடிவமைத்தவர்களிலும் ஒருவர்.

அவரை யாரும் மாலை போட்டு வரவேற்கவில்லை. நீதிபதிகளைத் தேர்ந்தெடுக்கும் ஆணையத்தில் உறுப்பினராக இருந்த சட்டப் பேராசிரியர் எட்டியென் முரெய்னிக், ஒரு பழைய அறிக்கையைக் கையில் எடுத்தார். ஆப்பிரிக்க தேசிய காங்கிரஸின் ராணுவத் தளபதிகளில் ஒருவரான தாமி சூலுவை, உளவாளி என்ற சந்தேகத்தில் அந்த இயக்கமே நெடுங்காலம் காவலில் வைத்திருந்தது. வெளியே வந்த சில நாட்களில் அவர் இறந்துபோனார். அந்த மரணத்தை விசாரிக்க இயக்கம் அமைத்த குழுவில் சாக்ஸ் இருந்தார். விசாரணையின்றி ஒருவரை அப்படி அடைத்துவைத்ததை அறிக்கை ஏன் உரக்கக் கண்டிக்கவில்லை, மனித உரிமை பேசும் நீங்கள் அதில் எப்படிக் கையெழுத்திட்டீர்கள் என்று முரெய்னிக் துருவித் துருவிக் கேட்டார். பத்திரிகையாளர்கள் அத்தனையையும் குறித்துக்கொண்டார்கள்.

சாக்ஸ் தேர்வானார். ஆனாலும் அந்தக் கேள்விகள் வீணாகவில்லை. யாராக இருந்தாலும், எவ்வளவு தியாகம் செய்திருந்தாலும், மக்கள் முன்னால் பதில் சொல்லிவிட்டுத்தான் அந்த நாற்காலியில் உட்கார முடியும் என்ற வழக்கம் அன்று பிறந்தது.

அதற்கு முந்தைய காலத்தை நினைத்தால்தான் இந்த மாற்றத்தின் அளவு விளங்கும். நிறவெறி ஆட்சியில் நீதிபதிகளை அரசு நியமித்தது. எங்கே, யார், எதற்காகத் தேர்ந்தெடுத்தார்கள் என்று எவருக்கும் தெரியாது. ஏறக்குறைய எல்லோரும் வெள்ளைக்கார ஆண்கள். பெரும்பான்மை மக்களை அவர்கள் பிறந்த மண்ணிலேயே அந்நியர்களாக்கிய சட்டங்களை, நாடாளுமன்றம் இயற்றியது என்ற ஒரே காரணத்துக்காக நீதிமன்றங்கள் ஏற்று நடத்தின. அந்த நீதிபதிகளின் கையில் புதிய சாசனத்தைக் காக்கும் பொறுப்பை அப்படியே ஒப்படைக்க முடியாது. முழு நீதித்துறையையும் ஒரே நாளில் வீட்டுக்கு அனுப்பவும் முடியாது. அதனால் எல்லாவற்றுக்கும் மேலே புதிதாக ஒரு நீதிமன்றம், அதற்கு ஆள் எடுக்கப் புதிதாக ஒரு வழி என்று பேச்சுவார்த்தை மேசையில் முடிவானது.

அந்த வழியின் பெயர் நீதித்துறைச் சேவை ஆணையம். 1996ஆம் ஆண்டுச் சாசனத்தின்படி அதில் 23 பேர். தலைமை நீதிபதிதான் தலைவர். மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் தலைவர், உயர் நீதிமன்றத் தலைவர்களில் ஒருவர், சட்ட அமைச்சர், வழக்குரைஞர்கள் நான்கு பேர், சட்டப் பேராசிரியர் ஒருவர், அதிபர் நியமிக்கும் நான்கு பேர். இவர்களோடு நாடாளுமன்றத்தின் இரு அவைகளிலிருந்தும் பத்துப் பேர். கீழவையிலிருந்து வரும் ஆறு பேரில் மூவராவது எதிர்க்கட்சியினராக இருக்க வேண்டும் என்பது சாசனத்திலேயே எழுதப்பட்ட நிபந்தனை. ஆளுங்கட்சி தனியாக உட்கார்ந்து பட்டியல் போட முடியாது. நீதிபதிகளும் தங்களுக்குள் பேசி முடித்துவிட முடியாது.

ஒரு காலியிடம் வந்தால் ஆணையம் விண்ணப்பங்களை வாங்குகிறது, சுருக்கப்பட்டியலை வெளியிடுகிறது, பொதுமக்களிடமும் வழக்கறிஞர் சங்கங்களிடமும் கருத்துக் கேட்கிறது. பிறகு நேர்காணல். இன்று அது தொலைக்காட்சியில் நேரலையாக ஓடுகிறது. எத்தனை காலியிடமோ அதைவிட மூன்று பெயர்கள் கூடுதலாக ஆணையம் பட்டியல் அனுப்ப வேண்டும். அதிலிருந்து அதிபர், தலைமை நீதிபதியையும் கட்சித் தலைவர்களையும் கலந்து தேர்ந்தெடுக்கிறார். நாட்டின் இன, பாலினக் கலவையை நீதிபதிகளின் வரிசையும் பிரதிபலிக்க வேண்டும் என்பதையும் கருத்தில்கொள்ள வேண்டும். மொத்தம் 11 நீதிபதிகள். பொதுவாகப் பன்னிரண்டு ஆண்டுகள் அல்லது எழுபது வயது, எது முன்னால் வருகிறதோ அதோடு ஓய்வு. மறு நியமனம் கிடையாது.

இந்தக் கடைசி விதியைச் சாதாரணமாக நினைத்துவிடக் கூடாது. 2011இல் அப்போதைய தலைமை நீதிபதி சாண்டில் இங்கோபோவின் பதவிக்காலத்தை நீட்டிக்க அதிபர் ஜேக்கப் ஜூமா முயன்றபோது, அந்த நீதிமன்றமே அதைச் செல்லாது என்று அறிவித்தது. தங்கள் தலைவருக்குக் கிடைக்கவிருந்த நீட்டிப்பை சக நீதிபதிகளே ரத்து செய்தார்கள். அதிபரின் தயவால் காலம் நீளும் என்றால், நீதிபதியின் பேனா எந்தப் பக்கம் சாயும் என்ற சந்தேகம் மக்கள் மனதில் விழுந்துவிடும். அந்தச் சந்தேகத்துக்கு இடமே இருக்கக் கூடாது.

இனி முதல் அமர்வுக்குத் திரும்புவோம். மண்டேலா தலைவராக நியமித்தவர் ஆர்தர் சாஸ்கல்சன். ரிவோனியா வழக்கில் மண்டேலாவுக்காக வாதாடிய வழக்குரைஞர் குழுவில் இருந்தவர். பணியில் இருந்த நீதிபதிகளிலிருந்து நால்வர். மீதி ஆறு இடங்களுக்கு ஆணையம் நேர்காணல் நடத்திப் பத்துப் பெயர்களைக் கொடுத்தது. தேர்வானவர்களில் கேட் ஓரீகனுக்கு வயது 37. இவோன் மொகோரோ கறுப்பினப் பெண். பியஸ் லங்கா சட்டைத் தொழிற்சாலையில் வேலை பார்த்துப் பிறகு சட்டம் படித்தவர்; பின்னாளில் நாட்டின் தலைமை நீதிபதியானார். அதுவரை அந்த நாட்டு நீதிமன்றங்களில் இப்படி ஒரு வரிசையை யாரும் பார்த்ததில்லை.

இவர்கள் முதலில் கேட்ட வழக்கே மரண தண்டனையைப் பற்றியது. தூக்குக்காக முந்நூறுக்கும் மேற்பட்டோர் சிறைகளில் காத்திருந்தார்கள். மக்களில் பெரும்பாலோர் தூக்கை ஆதரித்த நேரம் அது. 1995 ஜூன் 6 அன்று பதினோரு பேரும் ஒருமனதாக அதை ஒழித்தார்கள். அதே ஆண்டு, தங்களை நியமித்த மண்டேலா பிறப்பித்த உள்ளாட்சித் தேர்தல் தொடர்பான ஆணைகளையும் செல்லாது என்றார்கள். மண்டேலா அந்தத் தீர்ப்பை மறுபேச்சின்றி ஏற்றுக்கொண்டார். அடுத்து வந்த அதிபர்கள் எல்லோரையும் இந்த அளவுகோலால்தான் நாடு அளந்து பார்க்கிறது.

நேர்காணல் மேசை சில வேளைகளில் சட்டத்தைத் தாண்டிய தருணங்களையும் கண்டிருக்கிறது. 1999இல் எட்வின் கேமரூன் ஆணையத்தின் முன் உட்கார்ந்து, தனக்கு எச்.ஐ.வி தொற்று இருப்பதைத் தானே சொன்னார். எய்ட்ஸ் என்ற பெயரையே வாய்விட்டுச் சொல்லத் தயங்கிய நாட்டில், தொற்று இருப்பதாக அறிவித்த ஒரு பெண்ணை அக்கம்பக்கத்தார் அடித்தே கொன்ற சில மாதங்களில், உயர்பதவியில் இருந்த ஒருவர் அதைச் சொன்னார். அந்த முறை பதவி அவருக்குக் கிடைக்கவில்லை. பத்தாண்டுகள் கழித்து, 2009இல், நிரந்தர நீதிபதியாக அங்கே நுழைந்தார். ஜாக் யாகூபின் கதையும் இத்தகையதே. டர்பனின் இந்திய வம்சாவளியினர்; குழந்தையாக இருந்தபோதே மூளைக்காய்ச்சலால் பார்வை இழந்தவர்; 1998 முதல் பதினைந்து ஆண்டுகள் அந்த நீதிமன்றத்தில் இருந்தார்.

ஜோகன்னஸ்பர்க்கில் அந்த நீதிமன்றம் எழுந்திருக்கும் இடத்துக்கும் இந்தியர்களுக்கும், குறிப்பாகத் தமிழர்களுக்கும், பழைய உறவு உண்டு. அது பழைய கோட்டைச் சிறை. 1908இல் காந்தியும், அவரோடு நின்ற தம்பி நாயுடுவும் அடைக்கப்பட்டது ஜோகன்னஸ்பர்க் சிறையில்தான். விசாரணைக் கைதிகளின் பகுதியை இடித்தபோது கிடைத்த செங்கற்களையே புதிய நீதிமன்ற மண்டபத்தின் சுவரில் வைத்துக் கட்டியிருக்கிறார்கள். 2004இல் கட்டடம் திறக்கப்பட்டது.

எல்லாமே ஒழுங்காக நடக்கிறது என்று சொன்னால் அது பொய்.

2011இல் தலைமை நீதிபதி பதவிக்கு ஜூமா ஒரே ஒரு பெயரைத்தான் முன்மொழிந்தார்: மொகோயெங் மொகோயெங். தலைமை நீதிபதியைப் பொறுத்தவரை அதிபருக்குப் பட்டியல் தேவையில்லை. ஆணையத்தையும் கட்சித் தலைவர்களையும் கலந்தால் போதும். மூத்தவரான டிக்காங் மோசெனெக்கே ஒதுக்கப்பட்டார். பாலியல் வன்முறை வழக்குகளில் மொகோயெங் தண்டனையைக் குறைத்த பழைய தீர்ப்புகளைப் பெண்கள் அமைப்புகள் கையில் எடுத்தன. இரண்டு நாள் நேர்காணல் நேரலையில் ஓடியது. கடவுளின் விருப்பம் என்று தான் நம்புவதாக அவர் சொன்னதையும், தலைமை வகித்த மோசெனெக்கேயிடம் சீறிவிட்டு வருத்தம் தெரிவித்ததையும் நாடே பார்த்தது. இவர் ஜூமாவின் ஆள் என்றே பலரும் முடிவுகட்டினார்கள். 2016 மார்ச் 31 அன்று, இன்காண்ட்லா ஊரில் ஜூமாவின் சொந்த வீட்டுக்குச் செலவான அரசுப் பணத்தைப் பற்றிய வழக்கில், அதிபர் சாசனத்தை மீறினார் என்ற ஒருமனதான தீர்ப்பை வாசித்தவர் அதே மொகோயெங்.

2021 ஏப்ரலில் நடந்தது மோசமான அத்தியாயம். யூத வேட்பாளர்களிடம் அவர்களது மதத்தையும், சமூக அமைப்போடு கொண்ட தொடர்பையும் பற்றிக் கேள்விகள் பாய்ந்தன. சனிக்கிழமை ஓய்வு நாளை அனுசரிப்பது வேலைக்குத் தடையாகுமா என்றுகூட ஒருவரிடம் கேட்டார்கள். அரசியல் உறுப்பினர்கள் சிலர் நேர்காணலைக் கட்சி மேடையாக்கினார்கள். சாசனத்துக்காகக் குரல் கொடுக்கும் ஓர் அமைப்பு நீதிமன்றத்துக்குப் போனது. ஆணையம் இறங்கி வந்து, அக்டோபரில் நேர்காணல்களைத் திரும்ப நடத்தியது. மறுபடியும் அதே ஐந்து பெயர்கள்தான் பட்டியலில் வந்தன என்பது பலருக்கு ஏமாற்றம். அந்த ஐவரிலிருந்து அதிபர் ராமபோசா தேர்ந்த இருவரில் ஒருவர் ஜோடி கொல்லாப்பென். இந்திய வம்சாவளியினர், மனித உரிமை ஆணையத்தின் முன்னாள் தலைவர். அவரது தகுதியை யாரும் குறை சொல்லவில்லை. சர்ச்சை எழுந்தது தேர்வு நடந்த விதத்தைப் பற்றித்தான்.

அடுத்த ஆண்டு பிப்ரவரியில் இன்னொரு சறுக்கல். தலைமை நீதிபதி பதவிக்கான நேர்காணலில் டன்ஸ்டன் இம்லாம்போவிடம், எந்த ஆதாரமும் இல்லாத ஒரு பாலியல் தொல்லை வதந்தியை வைத்துக் கேள்வி எழுப்பினார்கள். அவர் மறுத்தார். அந்தக் கேள்விகள் பதிவிலிருந்து நீக்கப்பட்டன. ஆனால் நேரலையில் போனதை யாரால் திரும்பப் பெற முடியும்? அந்த முறை ஆணையம் பரிந்துரைத்தது மண்டிசா மாயாவை. ராமபோசா அதை ஏற்காமல் ரேமண்ட் சோண்டோவை நியமித்தார். மாயா துணைத் தலைமை நீதிபதியானார்.

திறந்த கதவு என்றால் சிறுமைகளும் அதன் வழியே உள்ளே வரும். ஆனால் மூடிய அறையில் சிறுமை நடக்காது என்று யார் சொன்னது? அங்கே நடந்தால் தெரியாது, அவ்வளவுதான். 2021இல் நடந்த தவறைத் திருத்த முடிந்ததற்குக் காரணம், அது எல்லோர் கண் முன்னாலும் நடந்தது. நேர்காணலுக்குப் பிறகு ஆணையம் தனியாகக் கூடி விவாதிக்கும் பகுதி மட்டும் நெடுநாள் இருட்டில் இருந்தது. ஹெலன் சுஸ்மன் அறக்கட்டளை தொடர்ந்த வழக்கில், 2018 ஏப்ரலில், அந்த விவாதப் பதிவையும் வழக்குக்காக ஒப்படைக்க வேண்டும் என்று அரசியல் சாசன நீதிமன்றம் உத்தரவிட்டது. தங்களைத் தேர்ந்தெடுத்த ஆணையத்தின் கதவையே அந்த நீதிபதிகள் திறக்கச் சொன்னார்கள்.

இந்தியாவும் ஏறக்குறைய அதே காலத்தில்தான் தன் வழியை மாற்றிக்கொண்டது. 1993 அக்டோபரில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஒன்றால் கொலீஜியம் முறை வந்தது. நீதிபதிகளே நீதிபதிகளைப் பரிந்துரைக்கிறார்கள். அதை மாற்ற நாடாளுமன்றம் கொண்டுவந்த தேசிய நீதித்துறை நியமன ஆணையத்தை 2015 அக்டோபர் 16 அன்று உச்ச நீதிமன்றம் நான்குக்கு ஒன்று என்ற கணக்கில் ரத்து செய்தது. அரசின் கை நீளக் கூடாது என்ற அச்சம் நியாயமானது. ஆனால் நம் நாட்டின் எந்தக் குடிமகனும் உச்ச நீதிமன்றத்துக்கு வரவிருக்கும் ஒருவரிடம் யாராவது ஒரு கேள்வி கேட்பதைப் பார்த்ததே இல்லை. அரசின் கையைத் தடுப்பதற்கு மக்களின் கண்ணையும் மறைக்க வேண்டியதில்லை என்பதற்குத் தென்னாப்பிரிக்காவின் முப்பது ஆண்டுகள் சாட்சி.

அங்கே இன்று இருக்கும் கவலை வேறு. கேள்வி கேட்பவர்கள் யார் என்பது. நீதிபதி ஜான் ஹ்லோபே 2024 பிப்ரவரியில் நாடாளுமன்றத்தால் பதவிநீக்கம் செய்யப்பட்டார். சில மாதங்களில் ஜூமாவின் புதிய கட்சி சார்பில் நாடாளுமன்ற உறுப்பினராகி, நீதிபதிகளைத் தேர்ந்தெடுக்கும் ஆணையத்துக்கே அனுப்பப்பட்டார். நீதிபதியாக இருக்கத் தகுதியில்லை என்று தூக்கி எறியப்பட்டவர் நீதிபதிகளின் தகுதியை எடைபோடுவதா என்று எதிர்ப்பு கிளம்பியது. செப்டம்பரில் உயர் நீதிமன்றம் அவர் ஆணையத்தில் பங்கேற்கத் தடை விதித்தது. இன்னொரு சிக்கல், ஆள் கிடைப்பது. ஓர் இடத்துக்கு நான்கு பெயராவது வேண்டும். வதந்திக்கும் வசைக்கும் பயந்து நல்லவர்கள் விண்ணப்பிக்கத் தயங்கினால் பட்டியல் நிறையாது. தற்காலிக நீதிபதிகளைக் கொண்டே நாட்கள் ஓடும். தற்காலிக நியமனத்துக்கு நேர்காணல் கிடையாது. சட்ட அமைச்சர் பரிந்துரைத்து, தலைமை நீதிபதி இசைந்தால் அதிபர் கையெழுத்திடுவார். அதனால் நேர்காணல் மேசையில் கண்ணியம் குறைந்தால், கடைசியில் மூடிய கதவுதான் பலனடையும்.

மண்டிசா மாயா 2024 மே மாதம் மீண்டும் ஆணையத்தின் முன் வந்தார். செப்டம்பர் 1 அன்று நாட்டின் முதல் பெண் தலைமை நீதிபதியாகப் பொறுப்பேற்றார். அடுத்த ஆண்டு டன்ஸ்டன் இம்லாம்போவும் அதே மேசைக்குத் திரும்பினார். மறுபடியும் எல்லாம் நேரலை. 2025 ஆகஸ்ட் முதல் அவர் துணைத் தலைமை நீதிபதி.