ராபர்ட் பூர்

பிரிகேடியர் ஜெனரல் ராபர்ட் மொண்டேகு பூர் (மார்ச் 20, 1866 - ஜூலை 14, 1938) பிரித்தானியத் தரைப்படை அதிகாரியும் துடுப்பாட்டக்காரரும் ஆவார். ஊதியம் பெறாத பொழுதுபோக்கு ஆட்டக்காரராகவே விளையாடிய இவர், தென்னாபிரிக்கா சார்பில் மூன்று தேர்வுப் போட்டிகளிலும் இங்கிலாந்தின் ஹாம்ப்சயர் மாவட்ட அணியிலும் பங்குபற்றினார். 1899 ஆம் ஆண்டுப் பருவத்தில் இவர் பெற்ற 91.23 என்ற ஓட்டச் சராசரி, 1930 வரை இங்கிலாந்தில் முறியடிக்கப்படாத சாதனையாக இருந்தது.

இளமையும் இந்தியாவும்

பூர் அயர்லாந்தின் டப்ளின் நகரில் பிறந்தார். 7 ஆவது ஹுசார் குதிரைப்படைப் பிரிவில் அதிகாரியாகப் பணியாற்றினார். பள்ளிப் பருவத்தில் துடுப்பாட்டத்தில் பெயர் பெறாத இவர், இந்தியாவில் பணிபுரிந்த காலத்திலேயே அதில் தீவிரமாக ஈடுபட்டார். ஆட்ட நுணுக்கங்களைப் பாடநூல்களைப் படித்துக் கற்றுக்கொண்டார். அப்போது பம்பாய் மாகாண ஆளுநராக இருந்தவர் இங்கிலாந்து அணியின் முன்னாள் தலைவரான ஹாரிஸ் பிரபு. அவருடைய மெய்க்காவல் அதிகாரியாகப் பணியாற்றிய பூர், ஐரோப்பியர் அணிக்காகப் பார்சிகளுக்கு எதிராகவும் ஆடினார்.

தென்னாபிரிக்கா

பின்னர் இவரது படைப்பிரிவு தென்னாபிரிக்காவின் நேட்டால் பகுதிக்கு அனுப்பப்பட்டது. 1896 இல் ஹோக் பிரபு தலைமையிலான இங்கிலாந்து அணி அங்கு வந்தபோது, பூர் தென்னாபிரிக்க அணிக்குத் தெரிவு செய்யப்பட்டார். போர்ட் எலிசபெத்தில் நடந்த முதல் போட்டியில் ஜோர்ஜ் லோமன் 7 ஓட்டங்களுக்கு 8 இலக்குகளை வீழ்த்த, தென்னாபிரிக்கா இரண்டாம் ஆட்டத்தில் 30 ஓட்டங்களுக்குச் சுருண்டது. மூன்று போட்டிகளிலும் இங்கிலாந்தே வென்றது. பூர் மொத்தம் 76 ஓட்டங்களே எடுத்தார்.

1899 ஆம் ஆண்டு

1898 இல் ஹாம்ப்சயர் அணியில் சேர்ந்தார். 1899 இல் ஜூன் நடுப்பகுதி முதல் ஆகஸ்ட் நடுப்பகுதி வரையான இரண்டு மாதங்கள் மட்டுமே அவ்வணிக்காக ஆடிய பூர், 16 ஆட்டங்களில் ஏழு சதங்களுடன் 1,399 ஓட்டங்கள் குவித்தார். போர்ட்ஸ்மத்தில் சோமர்செட் அணிக்கு எதிராக ஒரே போட்டியில் இரு சதங்கள் (104, ஆட்டமிழக்காமல் 119) அடித்தார். டோன்டனில் அதே அணிக்கு எதிராக 304 ஓட்டங்கள் எடுத்தார். அப்போட்டியில் மற்றொரு படை அதிகாரியான கப்டன் டெடி வின்யார்டுடன் (225) ஆறாவது இலக்குக்கு 411 ஓட்டங்கள் சேர்த்தார். ஹாம்ப்சயர் 7 இலக்குகளுக்கு 672 ஓட்டங்கள் பெற்றது. இவரது 304, அம்மாவட்ட ஆட்டக்காரர் ஒருவரின் அதிகூடிய ஓட்டமாக 1937 வரை நிலைத்தது.

இதே ஆண்டில் வாள், ஈட்டி முதலிய படைக்கலப் போட்டிகளிலும் போலோ ஆட்டத்திலும் இவர் பரிசு பெற்றார். அந்தப் பருவத்தில் மொத்தம் 1,551 ஓட்டங்கள் எடுத்த பூரின் சராசரியை, 1930 இல் டொன் பிராட்மன் 98.66 என்ற சராசரியால் முந்தினார்.

போயர் போர்

1899 அக்டோபரில் இரண்டாம் போயர் போர் தொடங்கியது. இத்துடன் பூரின் துடுப்பாட்ட உச்சம் முடிவுற்றது. போரில் கிச்சனர் பிரபுவின் கீழ் படைக் காவல் தலைமை அதிகாரியாகப் பணியாற்றினார். பிரித்தானியச் சீருடையணிந்து பிடிபடும் போயர்களை அந்த இடத்திலேயே விசாரித்துத் தண்டிக்குமாறு கிச்சனர் ஆணையிட்டதாக 1901 அக்டோபரில் தம் நாட்குறிப்பில் எழுதினார். போர்க்கைதிகளைக் கொன்றதற்காக லெப்டினன்ட் 'பிரேக்கர்' மொராண்ட் 1902 பெப்ரவரியில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் மேலிடக் கட்டளைப்படியே செயல்பட்டாரா என்ற விவாதத்தில் பூரின் நாட்குறிப்பு முக்கியச் சான்றாக எடுத்தாளப்படுகிறது.

பிற்காலம்

போருக்குப் பின் ஹாம்ப்சயருக்காக 1906 வரை சில போட்டிகளில் ஆடினார். படைப்பணி எங்கு அனுப்பியதோ அங்கேயே ஆட வேண்டியிருந்ததால், இவரது முதல்தரப் போட்டிகள் 55 மட்டுமே. அவற்றில் 11 சதங்களுடன் 3,441 ஓட்டங்கள் (சராசரி 38.66) பெற்றார். 1938 இல் போர்ன்மத்தை அடுத்த பொஸ்கோமில் தமது 72 ஆவது வயதில் காலமானார்.