காற்று மெலிந்த உயரத்திலிருந்து

பாராசூட் வீரர்கள் வழக்கமாகக் குதிக்கும் நான்கு கிலோமீட்டர் உயரத்தில் உடலைத் தாங்கித் திருப்பப் போதிய காற்று இருக்கிறது. முப்பது கிலோமீட்டருக்கு மேலோ, அடுக்கு மண்டலம் எனப்படும் வளிமண்டலப் பகுதியில், காற்றழுத்தம் தரைமட்டத்தில் உள்ளதில் ஏறத்தாழ நூறில் ஒரு பங்கே என்பதால், அங்கிருந்து குதிப்பவருக்கு வீழ்ச்சியைவிடக் காற்றின் இன்மையே பெரும் பகையாகிறது.

ஏறத்தாழ 19 கிலோமீட்டர் உயரத்திலுள்ள ஆம்ஸ்ட்ராங் எல்லையைக் கடந்தால், அழுத்தக் குறைவால் உடலின் வெப்பநிலையிலேயே நீர் கொதித்துவிடும். ஆகவே, காற்றழுத்தத்தை உள்ளே அடைத்துவைக்கும் அழுத்த உடை உயிர்க்கவசமாகிறது. இரத்தத்தில் கரைந்துள்ள நைட்ரஜன் குமிழிகளாக வெளிப்படாதிருக்க, ஏறுமுன்பே தூய ஆக்சிஜனைச் சுவாசித்து அதனை வெளியேற்றவும் வேண்டியிருக்கிறது. 1960 ஆகஸ்ட் 16 அன்று அமெரிக்க விமானப்படையின் ஜோசப் கிட்டிங்கர் பலூனில் 31 கிலோமீட்டருக்கு மேல் சென்றபோது, வலக் கையுறையில் அழுத்தம் நிற்காமல் போகவே, அக்கை வீங்கிப் பயனற்றதாயிற்று. எனினும் அவர் குதித்துப் பத்திரமாகத் தரையிறங்க, சில மணி நேரத்தில் வீக்கமும் வடிந்தது.

தடுக்கும் காற்று இல்லாததால் வேகமும் கட்டுக்கடங்காது பெருகுகிறது. 2012 அக்டோபர் 14 அன்று நியூ மெக்சிகோவின் ராஸ்வெல் நகருக்கு மேலே 39 கிலோமீட்டர் உயரத்திலிருந்து பாய்ந்த ஆஸ்திரியரான ஃபெலிக்ஸ் பாம்கார்ட்னர், ஒரு நிமிடத்திற்குள் மணிக்கு 1,357 கிலோமீட்டரை, அதாவது ஒலியைப்போல் 1.25 மடங்கு வேகத்தை, எட்டினார். கைகால்களை அசைத்தும் ஊன்றுவதற்குக் காற்றில்லாத அந்நிலையில் உடல் பம்பரமாய்ச் சுழலத் தொடங்கினால், இரத்தம் தலைக்குப் பாய்ந்து நினைவு தப்பும். 1959இல் கிட்டிங்கருக்கு நேர்ந்ததும் அதுவே. தானாக விரிந்த அவசரப் பாராசூட்டே அவரைக் காத்தது. பாம்கார்ட்னரும் சுழன்றார், அடர்ந்த காற்றை எட்டிய பின்னரே உடலை நிலைப்படுத்தினார்.

உடலைக் காக்கும் உடையே உள்ளத்தைச் சிறைப்படுத்துவதும் உண்டு. உயரத்திற்கு அஞ்சாத பாம்கார்ட்னர், தம் மூச்சொலியன்றி வேறொன்றும் கேட்காத அந்த உடைக்குள் நெடுநேரம் இருக்க இயலாமல், ஒரு கட்டத்தில் பயிற்சியை விட்டே தாயகம் திரும்பினார். பின்னர் உளவியலாளர் ஒருவரின் துணையுடன், அச்சம் எழும்போதே அதை இனங்கண்டு, கவனத்தை அடுத்த செயலுக்குத் திருப்பப் பழகினார். குதிக்குமுன் செய்ய வேண்டியவற்றை ஒவ்வொன்றாக வானொலியில் வாசித்து அவரை வழிநடத்தியது, அத்தகைய உடைக்குள் அதே தனிமையை முன்பே அறிந்திருந்த கிட்டிங்கரின் குரலாகும்.