திம்காத்: பட்டாளத்துக்காரர்கள் கட்டிய ஊர்

அல்ஜீரியாவில் ஆவ்ரெஸ் மலைகளுக்கு வடக்கே, கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,000 மீட்டர் உயரத்தில் இருக்கிறது திம்காத். கி.பி. 100-இல் ரோமப் பேரரசர் டிராஜன் ஆணையிட, மூன்றாம் அகஸ்டா படையணி கட்டி எழுப்பிய ஊர். அன்று இதன் பெயர் தமுகாதி.

ரோமானியர் இத்தகைய குடியேற்ற ஊரைக் ‘கொலோனியா’ என்றார்கள். 25 ஆண்டு பட்டாளத்தில் உழைத்து ஓய்வு பெற்றவனுக்கு நிலம் கொடுத்துக் குடியமர்த்துவது அவர்கள் வழக்கம். அவன் பிழைப்புக்கும் வழியாயிற்று, எல்லைப்புறத்தில் ரோமின் ஆளும் இருந்தாயிற்று. கெட்டிக்கார ஏற்பாடுதான்!

படைமுகாம் போட்டுப் பழகிய கைகள் அல்லவா? ஊரும் முகாம் போலவே அமைந்தது. பக்கத்துக்குச் சுமார் 350 மீட்டர் நீளமுள்ள சதுரம். அதற்குள் செங்கோணத்தில் வெட்டிக்கொள்ளும் தெருக்கள். ஒவ்வொரு மனையும் சுமார் 20 மீட்டர் சதுரம். பெருவீதியில் சுண்ணாம்புக் கற்பாளங்களைச் சாய்வாகப் பதித்திருக்கிறார்கள். வண்டிச் சக்கரங்கள் அரைத்த தடம் அவற்றில் இன்றும் பள்ளமாகத் தெரிகிறது.

சந்தைச் சதுக்கத்தின் தரைக்கல்லில் யாரோ ஆட்டக் கட்டம் கீறி, வேட்டை, குளியல், விளையாட்டு, சிரிப்பு, இதுவே வாழ்க்கை என்னும் பொருளில் லத்தீனில் பொறித்துவைத்தார்கள். வெறும் பேச்சில்லை. இந்தச் சிற்றூரில் அகழ்ந்தெடுத்த குளியல் மாளிகைகள் மட்டும் பதினான்கு! சுமார் 3,500 பேர் அமரும் அரங்கும் இருந்தது. ரொகாட்டியானுஸ் என்ற செல்வர் விட்டுச்சென்ற 4,00,000 செஸ்டர்ஸ் நாணயத்தில் நூலகம் ஒன்றும் எழுந்தது. பெயர் பொறித்த கல் கிடைத்ததால்தான் அது நூலகம் என்றே தெரியவந்தது.

ஆனால் போட்ட கோட்டுக்குள் ஊர் நிற்கவில்லை. சில தலைமுறைகளிலேயே மேற்கிலும் தெற்கிலும் வீடுகள் பெருகின. அங்கே தெருக்கள் இஷ்டம்போல் வளைந்தன. ஊரின் தலைமைக் கோயிலான கேபிடலே சதுரத்துக்கு வெளியேதான் நிற்கிறது.

ஐந்தாம் நூற்றாண்டின் இறுதியில் மலைவாழ் பெர்பர்கள் ஊரை அழித்தார்கள். 539-இல் பைசாந்தியத் தளபதி சாலமன் பக்கத்தில் கோட்டை கட்டினார். பிறகு மக்கள் வெளியேற, மண் மூடியது. 1765-இல் ஸ்காட்லாந்துப் பயணி ஜேம்ஸ் புரூஸ் வந்து பார்த்தார். 1881-இல் பிரெஞ்சுக்காரர்கள் தோண்டத் தொடங்கினார்கள். 1982 முதல் இது யுனெஸ்கோ உலகப் பாரம்பரியக் களம்.

செயற்கைக்கோள் வரைபடத்தில் திம்காத்தைத் தேடிப் பாருங்கள்: பட்டாளம் போட்ட கோடு எங்கே முடிகிறது, மக்கள் தாமே போட்ட தெரு எங்கே தொடங்குகிறது என்பது பார்த்ததும் புலப்படும்.