எட்டால் வகுத்தால் வீடு வரும்

ஏழாம் வகுப்பில் முழுக்களின் வகுத்தலை நடத்திக்கொண்டிருந்தேன். கடைசி வரிசையில் ஒரு மாணவன் தலை நிமிராமல் எதையோ எழுதிக்கொண்டிருந்தான். அருகில் போய்ப் பார்த்தால், கணக்கு நோட்டின் கடைசிப் பக்கம் முழுவதும் இரண்டிரண்டாக எண்கள், அம்புக்குறிகள், "இங்க லாவா", "பன்னி இருக்கு" என்று குறிப்புகள். பாடத்துக்குத் தொடர்பில்லாதது என்று முடிவு செய்து அந்தத் தாளைக் கிழித்துக் குப்பைத் தொட்டியில் போட்டேன். அவன் ஒரு வார்த்தையும் பேசவில்லை.

இரண்டு நாள் கழித்து, மனசு கேட்காமல், "அது என்னடா கணக்கு?" என்று கேட்டேன்.

"வீட்டுக்கு வர்ற வழி டீச்சர். வேற எங்கயும் எழுதி வைக்கல. இப்ப உள்ளயே மாட்டிக்கிட்டேன்."

எங்கே மாட்டிக்கொண்டான் என்று புரிந்துகொள்ள எனக்கு ஒரு வாரம் ஆயிற்று. நம் மாணவர்களில் பலர் மாலை நேரத்தில் போய்வரும் இடம்தான் அது. ஆசிரியர்கள் அதைக் கொஞ்சம் அறிந்து வைத்திருப்பது நல்லது என்பதால் எழுதுகிறேன்.

விளையாட்டின் பெயர் மைன்கிராஃப்ட். சுவீடனைச் சேர்ந்த மொஜாங் நிறுவனம் உருவாக்கியது. 2011 இல் முழு வடிவில் வெளிவந்தது. 2014 இல் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் அதை வாங்கியது. 2023 இல் விற்பனை 30 கோடிப் பிரதிகளைக் கடந்தது. அந்த உலகம் முழுவதும் ஒரு மீட்டர் பக்கமுள்ள கனசதுரக் கட்டங்களால் ஆனது. மண், மரம், பாறை எதையும் வெட்டலாம். வெட்டியதை வைத்து எதையும் கட்டலாம். இதைச் செய் என்று யாரும் சொல்வதில்லை. திரையில் ஆயத்தொலைவுகளைக் காட்டும் வசதி உண்டு. நிற்கும் இடத்தை மூன்று எண்கள் சொல்லும். அவற்றில் ஒன்று உயரம்.

இந்த உலகத்திலிருந்து இன்னோர் உலகத்துக்குப் போக வழி இருக்கிறது. அதன் பெயர் நெதர். பாதாளம் என்று வைத்துக்கொள்வோம். 2010 இலேயே விளையாட்டில் சேர்க்கப்பட்டது. 2020 இல் இன்னும் விரிவாக்கப்பட்டது. வானம் கிடையாது, தலைக்கு மேலேயும் பாறை. கீழே லாவாக் கடல். உள்ளே போக அப்சிடியன் கற்களால் ஒரு வாசல் கட்டித் தீ மூட்ட வேண்டும். நான்கு மூலைகளையும் விட்டுவிட்டால் 10 கல் போதும். லாவாவின் மேல் தண்ணீர் பாயும்போது அப்சிடியன் கிடைக்கும். இது வெறும் கற்பனை அல்ல. அப்சிடியன் என்பது எரிமலைக் கண்ணாடி. எரிமலைக்குழம்பு விரைவாகக் குளிர்வதால் உண்டாவது. அறிவியல் ஆசிரியர்கள் இந்த ஒரு கல்லை வைத்தே பாறைகள் பாடத்தைத் தொடங்கலாம்.

உள்ளே போனதும் வெளியுலகப் பழக்கங்கள் ஒவ்வொன்றாகப் பொய்த்துப்போகும். வாளியில் கொண்டுபோன தண்ணீரை ஊற்றினால் ஆவியாகிவிடும். திசைகாட்டி நிற்காமல் சுற்றும். களைப்பாக இருக்கிறதே என்று கட்டில் போட்டுப் படுக்கப் போனால் கட்டில் வெடிக்கும்! மேலுலகில் மெதுவாக ஊரும் லாவா இங்கே வேகமாகவும் தொலைவாகவும் ஓடும். பறக்கும் காஸ்ட் என்ற உருவம் தீப்பந்து எறியும். அது பட்டால் வாசலே அணைந்துபோகும். எனவே மறுபடி மூட்டச் சிக்கிமுக்கி கையில் இருக்க வேண்டும். பிக்லின் என்ற பன்றி முகத்தார் கூட்டம் ஒன்று உண்டு. தங்கத்தில் ஒரு தொப்பியோ செருப்போ அணிந்து போனால் பெரும்பாலும் ஒன்றும் செய்ய மாட்டார்கள். அவர்கள் கண்ணெதிரே தங்கத்தை வெட்டினாலோ பெட்டியைத் திறந்தாலோ தொலைந்தோம். என் மாணவன் எழுதிய "பன்னி" இவர்கள்தான்.

அங்கே செத்துப்போனால் கையிலிருந்த பொருள்கள் அனைத்தும் அந்த இடத்திலேயே சிதறும். ஐந்து நிமிடத்துக்குள் திரும்பிப் போய் எடுக்காவிட்டால் மறைந்துவிடும். லாவாவில் விழுந்திருந்தால் ஐந்து நிமிடம்கூட இல்லை. பல வாரம் சேர்த்தது ஒரு நொடியில் போகும். அதனால்தான் அனுபவப்பட்ட பிள்ளைகள் உள்ளே நுழையும் முன் ஒரு பட்டியல் போடுகிறார்கள். எதை எடுத்துப்போவது, எதை வீட்டுப் பெட்டியில் வைத்துவிட்டுப் போவது, வாசல் எந்த எண்ணில் இருக்கிறது? நான் கிழித்த தாள் அந்தப் பட்டியல்.

இவ்வளவு ஆபத்து இருந்தும் ஏன் போகிறார்கள்? அங்கு மட்டுமே கிடைக்கும் ஒரு தாதுவுக்காக. பிள்ளைகள் அதை "டெப்ரி" என்கிறார்கள். வைரப் பிக்காசாவது இருந்தால்தான் அதை வெட்டியெடுக்க முடியும். உலையில் சுட்டால் ஒரு துண்டு உலோகம் வரும். அப்படி நான்கு துண்டுகளோடு நான்கு தங்கக் கட்டிகளைச் சேர்த்தால் நெதரைட் கட்டி ஒன்று. வைரக் கவசத்தை நெதரைட்டாக மாற்றிக்கொண்டால் அது லாவாவில் விழுந்தாலும் எரியாது. தனிம வரிசை அட்டவணையில் நெதரைட்டைத் தேட வேண்டாம், அப்படி ஒன்று இல்லை. ஆனால் இரண்டு உலோகங்களைக் கலந்து மூன்றாவது ஒன்றைப் பெறும் எண்ணம் உலோகக் கலவைப் பாடத்தில் உள்ளதுதான்.

டெப்ரி குகைச் சுவரில் வெளியே தெரியாது. எப்போதும் பாறைக்குள் புதைந்தே இருக்கும். நீளம் 16, அகலம் 16 கட்டம் கொண்ட ஒரு பகுதியை மேலிருந்து கீழ்வரை முழுதும் தோண்டினாலும் சராசரியாக இரண்டுகூடத் தேறாது. அதிகம் கிடைப்பது உயரம் 15ஐ ஒட்டி. லாவாக் கடலின் மேல்மட்டமோ ஏறத்தாழ 31. ஆகவே பல இடங்களில் கடலுக்கு அடியில்தான் சுரங்கம் போகிறது. ஒரு கல்லைத் தவறாக எடுத்தால் லாவா உள்ளே பாயும். இங்குதான் பிள்ளைகள் கட்டிலை நினைத்துக்கொள்கிறார்கள். மூன்று கம்பளி, மூன்று பலகை இருந்தால் ஒரு கட்டில். அதைச் சுரங்க முனையில் போட்டு, இடையில் ஒரு கல்லை மறைப்பாக வைத்து, வேண்டுமென்றே வெடிக்கச் செய்கிறார்கள். சுற்றியுள்ள மென்பாறை சிதறும். டெப்ரி வெடிப்பைத் தாங்கி அப்படியே நிற்கும். தங்களைக் கொல்லவிருந்த ஒன்றைக் கருவியாக்கிய இந்த யோசனையைக் கேட்டபோது நான் உண்மையிலேயே வியந்தேன்.

இனிக் கணக்குக்கு வருகிறேன். நெதரில் கிடைமட்டமாக ஒரு கட்டம் நடந்தால் மேலுலகில் 8 கட்டம் நடந்ததற்குச் சமம். மேலுலகில் வீடு (240, −640), கிராமம் (1600, −640) என்று கொள்வோம். இடைத்தொலைவு 1360 கட்டம். நொடிக்குச் சுமார் 4.3 கட்டம் என்ற நடைவேகத்தில் ஐந்து நிமிடத்துக்கு மேல் ஆகும். நெதர் வழியே போனால் (30, −80) இலிருந்து (200, −80) வரை 170 கட்டம்தான். 40 நொடியில் போய்விடலாம்.

என் மாணவனுக்கு வீட்டின் எண்கள் மனப்பாடம். 240, −640 அவனுடையதுதான். வாசலின் எண்களைக் கணக்கிட்டுக் கொடுத்தது பெரியப்பா மகன். அந்த அண்ணன் விடுதிக்குப் போய்விட்டான். எதனால் வகுத்தான் என்பது இவனுக்குத் தெரியாது. 'எட்டால் வகு' என்று நான் சொன்னதும் நோட்டில் 30, 80 என்று எழுதிக்கொண்டு ஓடினான். மறுநாள் வாடிய முகத்தோடு வந்தான். "அங்க வாசலே இல்ல டீச்சர்."

குறைக்குறியை விட்டிருந்தான். தேர்வுத்தாளிலும் அவன் எப்போதும் விடுவது அதைத்தான். நானும் எப்போதும் அரை மதிப்பெண் குறைத்துவிட்டு நகர்ந்துவிடுவேன். இந்த முறை வரைபடத்தாளில் இரண்டு புள்ளிகளையும் குறிக்கச் சொன்னேன். −80க்கும் 80க்கும் இடையே 160 கட்டம். அதை மேலுலகத் தொலைவாக மாற்றினால் 1280. "ஒரு கோட்டை விட்டதுக்கு ஒரு கிலோமீட்டருக்கு மேலயா?" என்று அவனே கேட்டான். அன்று மாலை (30, −80) அருகே தேடி வாசலைக் கண்டுபிடித்துவிட்டான்.

அதன்பின் வகுப்பில் ஒரு கேள்வி வைத்தேன். நெதரில் ஒரு சதுரக் கட்டத்துக்கு மேலுலகில் எத்தனை கட்டப் பரப்பளவு? எட்டு என்றே முதலில் சொன்னார்கள். தாளில் வரைந்ததும் 64 என்று திருத்திக்கொண்டார்கள். அப்படியானால் கனஅளவு? 8 × 8 × 8, எனவே 512 என்று பலர் உற்சாகமாகக் கை தூக்கினார்கள். அவன் மட்டும் இல்லை என்றான். உயரம் மாறுவதில்லை, எட்டு மடங்கு கிடைமட்டத்துக்கு மட்டும்தான், ஆகவே 64 தான் என்றான். விளையாட்டையே பார்த்திராத பிள்ளைகளும் கலந்துகொண்ட விவாதம் அது. அதற்குத் தேவைப்பட்டது வரைபடத்தாள் மட்டும். கைப்பேசியை வகுப்புக்குக் கொண்டுவரவே இல்லை.

விளையாட்டு கற்றுத்தரும் தவறுகளையும் சொல்லிவிட வேண்டும். அங்கே லாவாவின் அருகில் சும்மா நிற்கலாம். உண்மையான எரிமலைக்குழம்பின் வெப்பநிலை 700 முதல் 1200 டிகிரி செல்சியஸ் வரை இருக்கும். அங்கே சுரங்கத்தின் கூரை பெரும்பாலும் இடிவதில்லை, காற்று கெடுவதில்லை. தமிழர்கள் ஏராளமாக வேலை செய்த கோலார் தங்கச் சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் மேல் ஆழம் போனது. 2001 இல் மூடப்பட்டது. அங்கே பாறையின் வெப்பமும், அழுத்தம் தாளாமல் பாறை வெடித்துச் சிதறுவதும் அன்றாட அபாயங்கள். இறந்தவர் மீண்டும் கட்டிலில் கண்விழிப்பதில்லை என்பதை நான் வகுப்பில் வெளிப்படையாகவே சொன்னேன். முகம் தெரியாதவர்களோடு இணையத்தில் சேர்ந்து விளையாடும் வசதியும் இதில் உண்டு என்பதைப் பெற்றோர் கூட்டத்தில் தெரிவிப்பது நல்லது. விளையாடும் நேரத்தைப் பற்றி அவன் அம்மாவுக்கும் எனக்கும் இன்னும் கவலை இருக்கிறது.

இப்போது அவன் கவசம் நான்கு உறுப்புக்கும் நெதரைட் சேர்க்கிறான். உறுப்புக்கு ஒரு கட்டி, கட்டிக்கு நான்கு டெப்ரி, ஆக 16 வேண்டும். கடைசிப் பக்கத்தில் கோடு போட்டு எண்ணி வருகிறான். இதுவரை கிடைத்தது மூன்று.