நெய்தல் நிலமும் நினைவும்: ஓர் ஆவணப்பட ஆய்வு

நிலமும் பொழுதும் முதற்பொருள் என்பது தொல்காப்பியர் கொள்கை. அவற்றைச் சார்ந்த கருப்பொருளும், அவ்விரண்டின் வாயிலாகப் புலனாகும் உரிப்பொருளும் கூடியே திணை அமைகின்றது. இப்பகுப்புச் செய்யுட்கே உரியது என்பார் உளர். இக்காலத்து ஆவணப்படத்தை ஆராய்தற்கும் இது துணைசெய்யும் என்பது எம் கருத்து. அதனை ஆர். வி. இரமணியின் படம் ஒன்றைக்கொண்டு ஈண்டு விளக்குவாம்.

இரமணி, பூனாத் திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்றவர். தம் படங்களுக்குத் தாமே படம்பிடிப்பவர். செய்தியை நிரல்படக் கூறி விளக்குவதே ஆவணப்படத்தின் பொதுவியல்பு. இவர் நெறி அதனின் வேறானது. தோற்பாவைக் கூத்தரைப் பற்றிய 'நீ எங்கே' (2003) என்னும் படத்தின் பெயரே, காணாமற்போவதைத் தேடும் அவர் நோக்கை உணர்த்தும்.

26-12-2004 அன்று எழுந்த ஆழிப்பேரலையில் இரமணியின் படக்கருவி அழிந்தது. நான்காண்டுகள் அவருடன் பழகிய அக்கருவியையே தலைமைப் பொருளாகக்கொண்டு, 'மை கேமரா அண்ட் சுனாமி' என்னும் படத்தை 2011இல் அவர் ஆக்கினார். கண்ட கண் அழிந்தபின் கண்ட காட்சி எங்கே எஞ்சும் என்பதே அதன் வினா. நெய்தலின் உரிப்பொருள் இரங்கல். இரங்கலோ, எதிரில் இல்லாத ஒருவரை எண்ணிப் பிறப்பது. ஆகலின், இழந்த கருவியை எண்ணும் இப்படத்தை நெய்தற் படைப்பு எனல் பொருந்தும்.

அகப்பாட்டில் தலைமக்கள் பெயர் சுட்டப்பெறார். ஆவணப்படமோ குறித்த ஒருவர்க்கு நேர்ந்ததைக் கூறுவது. இரண்டும் ஒக்குமோ எனின், முற்றும் ஒவ்வா. யாம் கொள்வது நிலத்திற்கும் உணர்விற்கும் உள்ள இயைபு ஒன்றையே.

இவ்வியைபின் பயனை அறியப் புதுச்சேரிக்குத் தெற்கேயுள்ள நல்லவாடு என்னும் மீனவர் ஊரை நோக்குதல் தகும். இரமணியின் படம் இவ்வூரைப் பற்றியதன்று. ஆயினும், அதே நாளில் இவ்வூரார் ஒருவர் சிங்கப்பூரிலிருந்து தொலைபேசியில் எச்சரித்தார். ஊரார், எம். எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் அமைத்திருந்த அறிவு மையத்தின் கதவை உடைத்து, அங்கிருந்த ஒலிபெருக்கியில் அறிவித்தனர். நாள்தோறும் அலையின் உயரத்தை மீனவர்க்கு அறிவித்த கருவி அது. வீடுகளும் படகுகளும் அழிந்தன. ஏறத்தாழ 3,600 மக்களும் உயிர் தப்பினர்.

சிதைவை மட்டும் படம்பிடிப்பவர் இவ்வூரில் உடைந்த படகுகளையே காண்பர். ஊரைக் காத்ததோ ஒரு குரல். அது மணலில் சுவடு எதனையும் விட்டிலது. கேட்டவர் நெஞ்சில் மட்டுமே உள்ளது. அவர்கள் மறையின் அதுவும் மறையும். கண்ணுக்குப் புலப்படாத இத்தகைய நினைவைப் பதிதற்கு, நிலத்தின்முன் பொறுத்திருந்து நோக்கும் நெறியே வேண்டும். இரமணியின் படம் அதற்கு வழிகாட்டுகின்றது.

திணைக்கொள்கையைத் தேர்விற்குரிய இலக்கணமாக மட்டும் கற்பிப்பது போதாது. நெய்தல் நிலத்து மக்கள் இன்றும் நம்மிடையே வாழ்கின்றனர். அவர்தம் நினைவை அவர் வாய்மொழியாகவே கேட்டுப் பதிதல் தமிழாய்வாளர் கடமை என்பது எம் துணிபு.