பாதிக் கடன் எப்போது தீரும்?

20 ஆண்டு வீட்டுக்கடன் கட்டிக்கொண்டிருப்பவர் யாரிடமாவது கேட்டுப் பாருங்கள்: கடனில் சரிபாதி எப்போது அடையும்? பத்தாம் ஆண்டு என்பார்கள். கொஞ்சம் விவரம் தெரிந்தவர்கள் பதினொன்று, பன்னிரண்டு என்று இழுப்பார்கள். 50 லட்சம் ரூபாய் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டுக் காலம் என்று வைத்துக்கொண்டால் விடை 13 ஆண்டு 10 மாதம். பத்தாம் ஆண்டு முடிகிற அன்று, 120 தவணை ஒழுங்காகக் கட்டிய பிறகும், 35 லட்சம் பாக்கி நிற்கும். காலத்தில் பாதி போய்விட்டது, அசலில் பத்துக்கு மூன்று பங்குதான் போயிருக்கிறது.

இதைக் கேட்டவுடன், ‘முதல் பத்து வருஷம் பேங்க்காரன் வட்டியை மட்டும் உருவிக்கிறான்’ என்று ஒரு பேச்சு வரும். ஊரெல்லாம் நம்பும் பேச்சு. ஆனால் அப்படி ஒரு சூழ்ச்சி இந்தக் கணக்கில் இல்லை. வங்கி ஒவ்வொரு மாதமும் செய்வது ஒரே ஒரு பெருக்கல்தான்.

கைமாற்றுக் கடனில் நாம் ‘ஒரு ரூபா வட்டி’, ‘ரெண்டு ரூபா வட்டி’ என்போம். நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்பது அதன் பொருள். அந்தக் கணக்கில் ஆண்டுக்கு 8.5 சதவீதம் என்பது சுமார் 71 பைசா வட்டி. தெருவில் யாரும் இவ்வளவு சல்லிசாகக் கடன் தரமாட்டார்கள். இந்த 71 பைசாவை 50 லட்சத்துக்குப் போட்டால் முதல் மாத வட்டி 35,417 ரூபாய். தவணை 43,391. வட்டி போக மிஞ்சும் 7,974 ரூபாய்தான் அசலில் கழிகிறது.

இரண்டாம் மாதம் என்ன ஆகிறது? அசல் 7,974 குறைந்திருப்பதால் வட்டி 56 ரூபாய் குறைகிறது. தவணை மாறாததால் அந்த 56 ரூபாய் அசலுக்குப் போகிறது; இம்முறை 8,031 கழிகிறது. மூன்றாம் மாதம் அதைவிடக் கொஞ்சம் கூடுதல். கடன் தீர்வதே இந்தச் சில்லறை மாதாமாதம் சேர்ந்து பெருகுவதால்தான். அசலில் கழியும் தொகை இப்படி 8 ஆண்டு 2 மாதத்துக்கு ஒருமுறை இரட்டிப்பாகிறது. 143-ஆவது தவணையில்தான் முதன்முறையாக வட்டியைவிட அசல் பங்கு கூடுகிறது. கடைசித் தவணையில் வட்டி வெறும் 305 ரூபாய். வங்கி தரும் தவணை அட்டவணையை முதல் பக்கத்தில் பார்த்து நொந்துபோகிறவர்கள் கடைசிப் பக்கத்தையும் ஒருதரம் பார்க்கலாம்.

கூட்டுவட்டி என்று இதைச் சொல்வதும் சரியில்லை. மாதாமாதம் ஏறும் வட்டி அந்தந்த மாதமே முழுதாகக் கட்டப்பட்டுவிடுகிறது. ஒழுங்காகத் தவணை கட்டுபவருக்கு வட்டிக்கு வட்டி கிடையாது. சொல்லப்போனால் பெருக்கத்தின் வேகம் இங்கே கடனாளி பக்கம் நின்று அசலைத் தின்கிறது. என்ன, தொடக்கத்தில் மிக மெதுவாகத் தின்கிறது.

240 மாதமும் ஒரே தொகை, கடைசி மாதம் பாக்கி பூஜ்யம்: இரண்டும் பொருந்தும் அந்த எண்ணைக் கண்டுபிடிப்பது ஒரு காலத்தில் லேசான வேலையாக இருக்கவில்லை. வட்டியைக் கடனாக விட்டு வரும் வட்டியைக் கணக்கிட, இருபடிச் சமன்பாட்டைத் தீர்க்கும் விதியையே ஆரியபட்டர் 499-ஆம் ஆண்டு வாக்கில் எழுதிய நூலில் தந்திருக்கிறார். ஐரோப்பாவில் கடன் கொடுத்தவர்கள் வட்டி அட்டவணைகளைக் கையெழுத்துப் படிகளாக வைத்துக்கொண்டு வெளியே காட்டாமல் காத்தார்கள். சைமன் ஸ்டெவின் என்ற பிளெமிஷ் கணித அறிஞர் 1582-இல் அவற்றை அச்சிட்டு ஊருக்குப் பொதுவாக்கினார். இன்று அந்த ரகசியம் எல்லோர் செல்பேசியிலும் இருக்கிறது. ஆனால் அதில் நாம் பார்ப்பது தவணைத் தொகை ஒன்றைத்தான். கடனின் விலையைப் பற்றி மிகக் குறைவாகப் பேசும் எண் அதுதான்.

விலை தெரிய வேறு கோணத்தில் பார்க்கவேண்டும். வட்டி என்பது பணத்துக்கு வாடகை. எவ்வளவு பணம், எத்தனை காலம் நம்மிடம் தங்குகிறது என்ற இரண்டும்தான் வாடகையை முடிவு செய்கின்றன. நம் 50 லட்சக் கடனில் மொத்த வட்டி 54.14 லட்சம், கட்டி முடிக்கும்போது வாங்கியதைப் போல இரு மடங்குக்கு மேல், 1 கோடியே 4 லட்சம் கொடுத்திருப்போம். 20 ஆண்டும் சேர்த்து நம் தலையில் இருந்த பாக்கியின் சராசரியை எடுத்தால் 31.85 லட்சம் வருகிறது. 31.85 லட்சத்துக்கு 20 ஆண்டுக்கு 8.5 சதவீதம் போட்டுப் பாருங்கள், அதே 54.14 லட்சம்தான். ஒளிவுமறைவு எதுவும் இல்லை.

காலத்தை நீட்டினால் தங்கும் ஆண்டும் கூடுகிறது, தங்கும் சராசரித் தொகையும் கூடுகிறது. இரண்டும் ஒன்றையொன்று பெருக்கிக்கொள்கின்றன. “மாசத் தவணை கொஞ்சம் கம்மியா வர்ற மாதிரி போட்டுக்கலாமா சார்?” என்று வங்கியில் கேட்கும்போது நாம் தலையாட்டுவது இதற்குத்தான். அதே கடனை 30 ஆண்டுக்குப் போட்டால் தவணை 38,446 ஆகிறது. மாதம் 4,945 ரூபாய் லாபம். மொத்த வட்டியோ 88.40 லட்சம். 34 லட்சத்துக்கு மேல் கூடுதல். எதிர்ப்பக்கம் போய் 15 ஆண்டுக்குப் போட்டால் தவணை 49,237, வட்டி 38.63 லட்சம். மாதம் 5,846 ரூபாய் கூடுதலாகப் போட முடிந்தவர் பதினைந்தரை லட்சம் மிச்சம் பிடிக்கிறார்.

இதில் இன்னொரு வேடிக்கை உண்டு. காலத்தை எவ்வளவு நீட்டினாலும் தவணை 35,417-க்குக் கீழே இறங்காது. அதுதான் முதல் மாத வட்டி. அதற்குக் கீழே போனால் கடன் தீரவே தீராது. ஆக 20 ஆண்டுக்கு மேல் எத்தனை ஆண்டு நீட்டினாலும் நமக்குக் கிடைக்கக்கூடிய சலுகை மாதம் 7,974 ரூபாய்க்குள் அடக்கம். கொடுக்கும் விலைக்கு மட்டும் உச்சவரம்பு கிடையாது.

இதுவரை சொன்னதெல்லாம் வட்டி விகிதம் மாறாது என்ற கற்பனையில். நம் நாட்டு வீட்டுக்கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அது ஏறினால் இதுவும் ஏறும். 2022 மே மாதம் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கிய ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தில் போய் நின்றது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீதம்.

இரண்டரைதானே என்று தோன்றும். 2021-இல் 7 சதவீதத்துக்கு 50 லட்சம் வாங்கியவரை எடுத்துக்கொள்வோம். 20 ஆண்டு, தவணை 38,765. ஒன்றரை ஆண்டு கட்டியபின் பாக்கி 48.18 லட்சம். அப்போது வட்டி ஒரே வீச்சில் 9.5 ஆகிறது என்று கொள்வோம். அந்த மாத வட்டி மட்டும் 38,145 ரூபாய். தவணையில் அசலுக்கு மிஞ்சுவது 620 ரூபாய். தவணையை ஏற்றாமல் காலத்தை மட்டும் நீட்டினால் கடன் முடிய இன்னும் 43 ஆண்டுக்கு மேல் ஆகும். 35 வயதில் கடன் வாங்கியவர் 80 வயது வரை கட்டவேண்டும்.

வங்கிகள் அவ்வளவு தூரம் நீட்டுவதில்லை. வயது வரம்பு இடிக்கும்போது தவணையை ஏற்றிவிடும். ஆனால் காலம் சத்தமில்லாமல் நீண்டுகொண்டே போவதுதான் பலருக்கும் நடந்தது. கணக்கிலிருந்து மாதாமாதம் போகும் தொகை மாறாததால் அவர்களுக்குத் தெரியவும் இல்லை. வீட்டுக்கடனில் எனக்கு உறுத்தலான இடம் இதுதான். விலை ஏறியதே தெரியாமல் விலை கொடுப்பது எந்தக் கடையிலும் நடக்காது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி தலையிட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று கடனாளியிடம் கேட்கவேண்டும். காலத்தை நீட்டுவதால் மாத வட்டிக்கே தவணை போதாத நிலை வந்துவிடக்கூடாது என்றது. உங்களிடம் அப்படிக் கேட்டு ஒரு குறுஞ்செய்தியோ மின்னஞ்சலோ வந்திருக்கலாம், விளம்பரங்களோடு விளம்பரமாக.

கையில் கொஞ்சம் பணம் வந்தால் கடனில் போடலாமா? போடலாம், ஆனால் எப்போது போடுகிறோம் என்பதில் எல்லாம் இருக்கிறது. பழைய 8.5 சதவீதக் கடனில், தொடக்கத்திலேயே ஒரு லட்சத்தை அசலில் கட்டிவிட்டுத் தவணையை மாற்றாமல் விட்டால், கடைசியில் 12 தவணை குறைகிறது. ஒரு லட்சம் போட்டதற்கு 5 லட்சத்துக்கு மேல் கட்டாமல் தப்பிக்கிறோம். அதே ஒரு லட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் போட்டால் ஐந்து தவணையும் கொஞ்சமும் குறையும். பதினைந்தாம் ஆண்டு முடிவில் மூன்றரை. தீபாவளி போனஸிலிருந்து ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் 20 ஆண்டுக் கடன் சுமார் 16 ஆண்டு 8 மாதத்தில் முடியும், வட்டியில் 10 லட்சத்துக்கு மேல் மிஞ்சும். மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைக்கும் தனிநபரிடம் அபராதக் கட்டணம் வாங்கக்கூடாது என்று வங்கிகளுக்கு 2012-லேயே சொல்லியாகிவிட்டது. ஒன்றைக் கவனிக்கவேண்டும்: பணத்தைக் கட்டும்போது காலத்தைக் குறைக்கச் சொல்லிக் கேட்டு வாங்கவேண்டும். தவணையைக் குறைத்துக்கொண்டால் இந்த லாபத்தின் பெரும்பகுதி போய்விடும்.

கடனோடு ஒட்டிக்கொண்டு வரும் சில்லறைகளும் உண்டு. கடனுக்குக் காப்பீடு எடுங்கள் என்று கையெழுத்துப் போடும் நாளில் ஒரு தாளை நீட்டுவார்கள். சட்டப்படி அது கட்டாயமில்லை. குடும்பத்தில் ஒருவர் சம்பாத்தியம்தான் என்றால் காப்பீடு நல்லதும்கூட. ஆனால் ஒரு லட்ச ரூபாய் பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், 20 ஆண்டு தவணையில் அதன் விலை 2 லட்சத்து 8 ஆயிரம். கட்டிக்கொண்டிருக்கும் அடுக்குமாடியில் வாங்குபவர்களுக்கு இன்னொன்று: வீடு முடியும்வரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டுவது. 25 லட்சம் விடுவிக்கப்பட்டு, இரண்டு ஆண்டு இழுத்தால் 4.25 லட்சம் போகும், அசலில் ஒரு ரூபாய்கூடக் குறையாது. கூடவே வெளி வாடகையும் ஓடும்.

வருமான வரிச் சலுகை இதையெல்லாம் ஈடுகட்டும் என்பார்கள். பழைய வரித் திட்டத்தில் குடியிருக்கும் வீட்டுக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான் வட்டிக் கழிவு. நம் கடனில் முதல் ஆண்டு வட்டி 4.21 லட்சம். புதிய திட்டத்தில் அதுவும் இல்லை.

இவ்வளவு சொன்னபின் எதிர்க்கட்சி வாதத்தையும் வைக்கவேண்டும். 1 கோடியே 4 லட்சம் என்ற கூட்டுத்தொகை ஒரு வகையில் பொய். இன்றைய ரூபாயையும் 19 ஆண்டு கழித்து வரும் ரூபாயையும் ஒரே தட்டில் வைத்துக் கூட்டியது அது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று கொண்டு, எல்லாத் தவணைகளையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் மொத்தம் ஏறத்தாழ 66 லட்சம்தான். அதாவது 50 லட்சத்துக்கு உண்மையான வாடகை ஏறத்தாழ 16 லட்சம். இன்று தொண்டையை நெரிக்கும் 43,391 ரூபாய், சம்பளமும் விலைவாசியோடு ஏறினால், பதினெட்டாம் ஆண்டில் லேசாகத் தோன்றும். ஏறினால் என்பதுதான் சிக்கல். ஆக இரண்டு எண்ணையும் தெரிந்து வைத்திருப்பது நல்லது. 66 லட்சம் நிம்மதிக்கு, 104 லட்சம் எச்சரிக்கைக்கு.

கடைசித் தவணை போனபின்னும் ஒரு செலவு, ஒரு நடை பாக்கியிருக்கும். அசல் பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்துக் கடன் வாங்கும் முறையை 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டம் கல்கத்தா, மெட்ராஸ், பம்பாய் ஆகிய நகரங்களைப் பெயர் சொல்லி அனுமதிக்கிறது. மற்ற ஊர்கள் அரசு அறிவிக்க அறிவிக்கச் சேர்ந்தவை. தமிழ்நாட்டில் அந்த ஒப்படைப்பு ‘எம்.ஓ.டி.’ என்ற பெயரில் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவாகி, வில்லங்கச் சான்றிதழில் ஏறிவிடுகிறது. கடன் தீர்ந்தால் 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தரவேண்டும், தங்கள் பக்கத் தாமதத்துக்கு நாளொன்றுக்கு 5,000 ரூபாய் தரவேண்டும் என்று 2023 டிசம்பர் 1 முதல் கடன் தரும் நிறுவனங்களுக்கு ரிசர்வ் வங்கி விதித்திருக்கிறது. பத்திரம் கைக்கு வந்ததும் வீட்டு பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டுப் பலர் மறந்துவிடுகிறார்கள். கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தை வங்கியிடம் எழுதி வாங்கி, அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யும்வரை வில்லங்கச் சான்றிதழைப் பொறுத்தமட்டில் வீடு அடமானத்தில்தான் இருக்கிறது. பத்து ஆண்டு கழித்து விற்கப் போகும்போது, வாங்க வந்தவரின் வக்கீல் அந்த வரியைக் காட்டிக் கேட்பார்.