கரிசல் மேடை – 9: தினைப்புனத்தில் வெள்ளைக் கொக்கு

ஸ்பெஷல் நாடகத்துக்கு ஒத்திகை கிடையாது. ராஜபார்ட் ஓர் ஊர், ஸ்திரீபார்ட் ஓர் ஊர், பபூன் இன்னோர் ஊர். ஏஜெண்ட் பேசி முடித்த தேதியில் மேடையில்தான் சந்திப்பு. சங்கரதாஸ் சுவாமிகளின் 'வள்ளித் திருமணம்' எல்லோருக்கும் மனப்பாடம் என்பதால் விடிய விடிய நடந்துவிடும். அந்த நெகிழ்வை பிரிட்டிஷ் அரசாங்கத்துக்கு எதிராகத் திருப்பியவர் எஸ்.எஸ். விசுவநாததாஸ். பிறந்தது சிவகாசி, 1886.

அன்றைய சிவகாசியில் பட்டாசும் இல்லை, தீப்பெட்டியும் இல்லை. அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தாவில் தீப்பெட்டித் தொழில் கற்றுத் திரும்பியது 1923-ல்தான். ஊரில் மருந்து வாசம் ஏறுமுன் வளர்ந்த பிள்ளை விசுவநாததாஸ். பிற்பாடு வாழ்ந்தது திருமங்கலத்தில்.

அவர் செய்த சோதனை வெளிப்பார்வைக்குச் சின்னது. கதையைத் தொடவில்லை. முருகன் முருகன்தான், வள்ளி வள்ளிதான். தினைப்புனத்தில் பறவை விரட்டும் இடத்தில் மட்டும் மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதிய வெள்ளைக் கொக்குப் பாட்டு நுழையும். தினையைத் தின்ன வந்த கொக்கு யாரென்று கொட்டகைக்கே தெரியும். 1876-ம் ஆண்டு நாடகச் சட்டப்படி ராஜத்துரோக நாடகத்தைத் தடை செய்ய முடிந்தது. கோயில் கொடையில் நடக்கும் முருகன் கதையை எப்படித் தடை செய்வது? பாடியவரைத்தான் பிடிக்க வேண்டியிருந்தது. 29 முறை கைதானார் என்று சொல்வதுண்டு.

கலைக்காக உடலைப் பணயம் வைத்தவர்கள் வேறு உண்டு. செர்பியக் கலைஞர் மரினா அப்ரமோவிச் 1974-ல் நேப்பிள்ஸில் 72 பொருட்களை மேசையில் பரப்பி, என்மீது எதை வேண்டுமானாலும் பயன்படுத்துங்கள் என்று 6 மணி நேரம் நின்றார். நிகழ்த்துகலை வரலாற்றில் அது பெரிய அத்தியாயம். இருக்கட்டும். அந்த விளையாட்டுக்கு விதி வகுத்தவர் அவரே. விசுவநாததாஸுக்கு விதி வகுத்தது போலீஸ்.

போலீஸ் மட்டுமா? மருத்துவர் (நாவிதர்) குலத்தில் பிறந்தவர் என்பதால் அவரோடு ஜோடி சேர மறுத்த நடிகைகள் உண்டு. வெள்ளைக்காரனை விரட்டப் பாடும் மேடையில் பக்கத்தில் நிற்க ஆள் தேட வேண்டியிருந்தது. தேசிய நாடக வரலாறு பேசுவோர் இந்த இடத்தை வேகமாகத் தாண்டுவதை நான் பார்த்திருக்கிறேன். சிறைக்கணக்கு பெருமைக்கு உதவும், இது உதவாது.

கடைசிக் காலம் கடனில் போனது. இரண்டாம் உலகப் போர்ப் பிரசாரத்துக்கு நடித்தால் அடமான வீட்டை மீட்டுத் தருவதாக அரசாங்கத் தரப்பு ஆசை காட்டியும் மசியவில்லை என்பார்கள். 1940 டிசம்பர் 31, சென்னை ராயல் தியேட்டர். முருகன் வேடத்தில் மயில்மேல் அமர்ந்து பாடிக்கொண்டிருக்கும்போதே உயிர் போனது. வயது 54.

திருமங்கலத்தில் அவருக்கு அரசு நினைவில்லம் உண்டு. கொக்குப் பாட்டு எழுதிய பாஸ்கரதாஸோ நாட்குறிப்பு எழுதும் பழக்கம் கொண்டிருந்தவர். அடுத்த வாரம் அதைப் புரட்டுவோம்.

(தொடரும்)